பத்தில் ஒரு பங்கு

பாட்டு ஒன்றைக் கேட்கிறோம். கேட்டு முடித்தபின் நெஞ்சில் நிற்பது எது? பாடியவரின் குரல் நிற்கும். சொற்களில் சில நிற்கும். குரலோடு போட்டியிட்டு ஒலித்த கருவி ஒன்று நிற்கும். இவற்றுக்கெல்லாம் அடியில், தரையோடு தரையாக ஓடிக்கொண்டிருந்த தாழ்ந்த ஒலியை நினைவில் வைத்திருப்போர் மிகச் சிலர். வீடு பார்க்க வந்தவர் வாயிலைப் புகழ்வார், மாடத்தைப் புகழ்வார். கடைக்காலைப் புகழ்ந்தவர் உண்டோ? ஆயினும் கடைக்கால் இட்டவனுக்குக் கூலி எவ்வளவு என்ற கேள்வி ஒருநாள் எழத்தான் செய்யும். இங்கிலாந்தில் அந்தக் கேள்வி நீதிமன்றத்தின் வாயிலுக்கே வந்தது. அதன் நடுவே நின்றவர்களுள் ஒருவர் ஆண்டி ரோர்க் என்ற பாஸ் கித்தார்க் கலைஞர். அவருடைய வரலாறே இன்று நாம் காணப்போவது.

பாஸ் கித்தார் என்பது நான்கு தடித்த நரம்புகள் உடைய மின்கருவி. சாதாரணக் கித்தாரின் தாழ்ந்த நான்கு நரம்புகளுக்கும் ஒரு ஸ்தாயி கீழே அது ஒலிக்கும். இக்கருவி பழமையானதன்று. அதற்கு முன்பு ஆள் உயரத்துக்கு நிற்கும் பெரிய டபுள் பாஸ் என்ற வாத்தியமே அடிக்குரலாக இருந்தது. மின்கித்தாரும் டிரம்ஸும் முழங்கும் மேடையில் அந்தப் பெரிய வாத்தியம் கேட்கவில்லை. அதைச் சுமந்து ஊர் ஊராகச் செல்வதும் பெரும்பாடு. 1951ஆம் ஆண்டில் கலிபோர்னியாவில் லியோ ஃபெண்டர் என்பவர் தோளில் மாட்டிக்கொள்ளத்தக்க ஒரு கருவியைச் செய்து விற்பனைக்குக் கொண்டுவந்தார். ஸ்வரம் பிசகாமல் விரல் வைப்பதற்குக் கழுத்தில் மெட்டுகள் பதித்திருந்தமையால், துல்லியம் என்று பொருள்படும் ‘பிரிசிஷன்’ என்பதையே அதற்குப் பெயராக இட்டார்.

கருவி பரவியது, வாசித்தவர் பெயர் பரவவில்லை. 1960களில் அமெரிக்காவின் டெட்ராயிட் நகரத்து மோட்டவுன் நிறுவனம் உலகமெங்கும் புகழ்பெற்ற பாடல்கள் பலவற்றை வெளியிட்டது. அவற்றுள் மிகப் பலவற்றுக்கு பாஸ் வாசித்தவர் ஜேம்ஸ் ஜேமர்சன் என்னும் ஒருவரே. ஆனால் 1971ஆம் ஆண்டு வரையில் அந்நிறுவனத்தின் முக்கியமான இசைத்தட்டு எதன் உறையிலும் அவர் பெயர் அச்சாகவில்லை. கோடிக்கணக்கானோர் அவருடைய விரல் அசைவுக்குத் தாளம் போட்டார்கள். யாருடைய விரல் என்று அறியமாட்டார்கள். இந்த ஜேமர்சனின் இசைமரபு கடல் கடந்து மான்செஸ்டரில் ஓர் இளைஞனின் கையிலும் வந்து சேர்ந்தது.

ஆண்டி ரோர்க் 1964ஆம் ஆண்டு ஜனவரி 17ஆம் நாள் மான்செஸ்டரில் பிறந்தார். தந்தை அயர்லாந்துக்காரர்; தாய் ஆங்கிலேயர். பஞ்சாலைகளால் உலகப் பெயர் பெற்ற அந்நகரம் அக்காலத்தில் ஆலைகளை ஒவ்வொன்றாக இழந்துகொண்டிருந்தது. ஏழாம் வயதில் பெற்றோர் அவருக்கு ஒரு கித்தார் வாங்கித் தந்தனர். நகரின் தெற்கே விதன்ஷா என்ற பகுதியில் உள்ள பள்ளியில் படிக்கும்போது, பதினொன்றாம் வயதில், உடன்படித்த ஒரு சிறுவனோடு நட்பு ஏற்பட்டது. அந்தச் சிறுவன் தன் சட்டையில் நீல் யங் என்ற கனடா நாட்டுப் பாடகரைக் குறிக்கும் சின்னம் ஒன்றைக் குத்தியிருந்தான். அதைப் பார்த்தே ரோர்க் அவனிடம் பேச்சுக் கொடுத்தார். சிறுவனின் பெயர் ஜான் மாஹர். அதே நகரத்தில் அதே பெயருடைய வேறோர் இசைக்கலைஞர் முன்னரே புகழ்பெற்றுவிட்டமையால், அவன் பின்னாளில் தன் பெயரை ஜானி மார் என்று மாற்றிக்கொண்டான்.

இருவரும் உணவு இடைவேளையில் அமர்ந்து கித்தார் வாசிப்பார்கள். இருவர் கையிலும் கித்தார். குழு என்று ஒன்று அமைத்தால் இருவரில் ஒருவர் கீழே இறங்கவேண்டும். ரோர்க் இறங்கினார், பாஸை எடுத்துக்கொண்டார். இதை விட்டுக்கொடுத்தல் என்று நாம் கருதலாம். அவரோ அந்தக் கருவியில்தான் தம் குரலைக் கண்டுகொண்டார். கித்தார்க்காரராக இருந்து பாஸுக்கு வந்தவராதலால், அடிச்சுருதியைப் பிடித்துக்கொண்டு நிற்பதோடு அவர் மனம் அமையவில்லை. பாட்டுக்குள் தமக்கென ஒரு மெட்டைத் தேடிக்கொண்டே இருந்தார். பதினைந்தாம் வயதில் பள்ளியை விட்டார். சிறுசிறு வேலைகள் பார்த்தார். சிறுசிறு குழுக்களில் வாசித்தார். அவற்றுள் ஒன்று, மாருடன் சேர்ந்து ஃபங்க் என்னும் அமெரிக்கக் கறுப்பின மக்களின் ஆட்ட இசையைப் பயின்ற ‘ஃப்ரீக் பார்ட்டி’ என்ற குழு. பாடகர் கிடைக்காமல் அது கலைந்தது. ஆனால் அந்தப் பயிற்சி ரோர்க்கின் விரலில் தங்கிவிட்டது.

இவ்விடத்தில் ‘இண்டி’ என்ற சொல்லைப் பற்றிச் சிறிது சொல்லவேண்டும். ‘இண்டிபெண்டண்ட்’ என்பதன் குறுக்கமே அது. இசைத்தட்டு வெளியிடுவது நெடுங்காலம் பெரிய நிறுவனங்கள் சிலவற்றின் தனிக்காட்டு ராஜ்யமாக இருந்தது. 1977ஆம் ஆண்டு ஜனவரியில் மான்செஸ்டரைச் சேர்ந்த பஸ்காக்ஸ் என்ற குழுவினர் தாமே பணம் திரட்டித் தாமே ஓர் இசைத்தட்டை வெளியிட்டனர். ‘இது நம்மாலும் ஆகுமே’ என்ற எண்ணம் நாடெங்கும் இளைஞரிடையே தீப்போலப் பற்றியது. லண்டனில் 1976ஆம் ஆண்டில் ஜெஃப் டிராவிஸ் என்பவர் தொடங்கிய ‘ரஃப் டிரேட்’ என்ற இசைத்தட்டுக் கடை 1978 முதல் தானே இசைத்தட்டுகளை வெளியிடலாயிற்று. இத்தகைய சிறு நிறுவனங்களைச் சார்ந்த குழுக்களையே முதலில் இண்டி என்றனர். நாளடைவில் அது ஓர் இசைப்பாணிக்கே பெயராயிற்று.

1982ஆம் ஆண்டில் ஜானி மார், தம்மினும் மூத்தவரான மாரிசி என்பவரின் வீட்டுக் கதவைத் தட்டினார். மாரிசி பாட்டெழுதுவார், மார் மெட்டமைப்பார். இவ்விருவரும் தொடங்கிய குழுவுக்குத் ‘தி ஸ்மித்ஸ்’ என்று பெயர். இங்கிலாந்தில் தெருவுக்கு நான்கு ஸ்மித்துகள் இருப்பார்கள்; அத்தனை சாதாரணமான பெயர். மைக் ஜாய்ஸ் டிரம்ஸ் வாசிக்க வந்தார். முதல் நிகழ்ச்சியில் பாஸ் வாசித்தவர் விலகவே, மார் தம் பள்ளித் தோழரை அழைத்தார். 1983ஆம் ஆண்டு ஜனவரி 25ஆம் நாள் மான்செஸ்டரில் நடந்த நிகழ்ச்சியிலிருந்து ரோர்க் அக்குழுவின் பாஸ் கலைஞர். அன்று அவருக்கு வயது பத்தொன்பது. அந்த ஆண்டு மே மாதம் ரஃப் டிரேட் வழியாக முதல் தட்டு வெளிவந்தது. அந்நிறுவனத்தோடு செய்த ஒப்பந்தத்தில் கையொப்பமிட்டவர்கள் மாரிசியும் மாருமே. மற்ற இருவர் கையொப்பமிடவில்லை. இதை இப்போது நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். கதை மீண்டும் இங்கேதான் வரும்.

ரோர்க்கின் கலையைச் சற்று நிதானமாகக் காண்போம். ஸ்மித்ஸ் குழுவில் ஒரே ஒரு கித்தார். மற்றக் குழுக்களின் கித்தார்க்காரர்கள் பாட்டின் நடுவே தனியாவர்த்தனம் செய்து கைதட்டல் பெறுவது வழக்கம்; மார் அவ்வாறு செய்வதில்லை. நரம்புகளைத் தனித்தனியே மீட்டி, சரம் தொடுத்தாற்போல நுண்ணிய ஒலிகளைப் பின்னிக்கொண்டே போவார். மாரிசியின் குரலோ மெட்டுக்குள் அடங்காமல் மிதந்து திரியும். மேலே இருவரும் இப்படிப் பறந்தால் கீழே பாட்டைப் பிடித்து நிறுத்துவது யார்? அந்தப் பொறுப்பு ரோர்க்கின் தலையில் விழுந்தது. அவர் அதைச் செய்ததோடு நில்லாமல், குரலுக்கும் கித்தாருக்கும் இடையே மூன்றாவது மெட்டு ஒன்றையும் ஓடவிட்டார்.

1983ஆம் ஆண்டு வெளிவந்த ‘திஸ் சார்மிங் மேன்’ என்ற பாட்டில் அவருடைய பாஸ் மோட்டவுன் பாட்டுகளைப்போலத் துள்ளும். பாட்டின் சொற்கள் ஏக்கத்தைப் பேசும். பாஸ் நம்மை ஆடச் சொல்லும். இம்முரண்பாடே ஸ்மித்ஸ் இசையின் சுவை என்பது என் கருத்து. 1985ஆம் ஆண்டு பிப்ரவரியில் வெளிவந்து பிரிட்டனில் முதலிடம் பெற்ற ‘மீட் இஸ் மர்டர்’ என்ற தொகுப்பில் ‘பார்பரிசம் பிகின்ஸ் அட் ஹோம்’ என்றொரு பாட்டு உண்டு. ஏறத்தாழ ஏழு நிமிடம் ஓடும். குழந்தைகளை அடித்து வளர்ப்பதைக் கண்டிக்கும் பாட்டு அது. அதில் பாஸ்தான் தலைவன். கித்தாரும் குரலும் அதன் பின்னே செல்கின்றன. ஃப்ரீக் பார்ட்டி நாளில் விரலில் ஏறிய ஃபங்க் பயிற்சி அங்கே முழுமையாக வெளிப்படுகிறது. ரோர்க்கை அறிய விரும்பும் மாணவர் முதலில் கேட்கவேண்டியது இப்பாட்டே. முதல் முறை பாட்டைக் கேளுங்கள். இரண்டாம் முறை பாஸை மட்டும் கேளுங்கள். ‘ஆஸிலேட் வைல்ட்லி’ என்ற, சொற்களற்ற இசைக்கோவைக்கு அவர் செல்லோ என்னும் வில்வாத்தியமும் வாசித்தார்.

இத்தனையும் செய்தவரை ஒரு நிழல் தொடர்ந்து வந்தது. அது ஹெராயின் என்னும் போதைப்பொருள். இதை மறைத்து எழுதுவது வரலாறு ஆகாது. ரோர்க்கும் பிற்காலத்தில் இதை மறைக்கவில்லை. 1986ஆம் ஆண்டின் தொடக்கத்தில் அவர் குழுவிலிருந்து நீக்கப்பட்டார். தம் கார்க் கண்ணாடியில் செருகியிருந்த ஓர் அஞ்சலட்டையால்தான் அதை அறிந்ததாக ரோர்க் சொன்னார். அப்படி ஓர் அட்டையே இல்லை என்று மாரிசி மறுத்தார். எப்படியாயினும், அவருக்குப் பதிலாகக் கிரெய்க் கேனன் என்பவரைப் பாஸுக்கு அமர்த்தினார்கள். இரண்டு வாரம் சென்றது. ரோர்க் திரும்ப அழைக்கப்பட்டார். கேனன் இரண்டாவது கித்தாருக்கு மாற்றப்பட்டார். ரோர்க் இருந்த இடத்தில் வேறொருவரை நிறுத்திப் பார்த்தபின் அவரையே அழைத்தார்கள் என்பதை நாம் கவனிக்கவேண்டும். அவ்வாண்டு ஜூன் மாதத்தில் வெளிவந்த ‘தி குயின் இஸ் டெட்’ என்ற தொகுப்பை இன்றும் பலர் ஆங்கில ராக் இசையின் சிகரங்களுள் ஒன்றாக மதிக்கின்றனர். அதன் பாஸ் முழுவதும் அவருடையதே.

1987ஆம் ஆண்டில் மார் விலகினார், குழு முடிந்தது. ஐந்தே ஆண்டுகள், நான்கு தொகுப்புகள்.

இனிக் கணக்குக்கு வருவோம். பாட்டால் வரும் வருமானம் இருவகைப்படும். பாட்டை இயற்றியவர்க்கு உரியது ஒன்று. பதிவிலும் மேடையிலும் வாசித்தவர்க்கு உரியது மற்றொன்று. இயற்றியவர்கள் மாரிசியும் மாரும் என்பதில் யாருக்கும் வழக்கில்லை. சொல்லும் தலைமை மெட்டுமே பாட்டு என்பது பழைய கொள்கை. பாஸ் கலைஞர் தாமே புனைந்த வரி எத்தனை அழகாயினும் அது வாசிப்பு என்றே கருதப்பட்டு வந்தது. (இக்கொள்கையும் பின்னர் ஓரளவு அசைந்தது. 1967ஆம் ஆண்டுப் பாட்டு ஒன்றுக்கு ஆர்கன் வாசித்த மேத்யூ ஃபிஷர் என்பவர், அந்த ஆர்கன் இசைக்காகப் பாட்டின் உரிமையிலேயே தமக்குப் பங்கு உண்டு என்று வழக்காடி, 2009ஆம் ஆண்டில் பிரபுக்கள் சபைத் தீர்ப்பால் வென்றார்.) ஸ்மித்ஸ் குழுவில் சிக்கல் எழுந்தது இரண்டாம் வகை வருமானத்தில். நூறு பவுன் வந்தால் மாரிசிக்கு நாற்பது, மாருக்கு நாற்பது. ரோர்க்குக்குப் பத்து, ஜாய்ஸுக்குப் பத்து. இவ்வாறுதான் பிரித்துவந்தார்கள். இப்படிப் பிரிப்பதென்று எழுத்து வடிவில் ஒப்பந்தம் ஏதும் இல்லை.

1989ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில் ரோர்க்கும் ஜாய்ஸும் சம பங்கு கேட்டு வழக்குத் தொடுத்தார்கள். ரோர்க் அப்போது கடனில் இருந்தார். வழக்கோ ஆண்டுக்கணக்கில் நீளும். கடன்காரன் அத்தனை நாள் பொறுப்பானா? விரைவிலேயே அவர் சமரசத்துக்கு உடன்பட்டார். ரொக்கமாக 83,000 பவுனும், இனி வருவதில் நூற்றுக்குப் பத்தும் பெற்றுக்கொண்டு, வேறு உரிமை எதுவும் கோருவதில்லை என்று ஒப்புக்கொண்டார். ஜாய்ஸ் காத்திருந்தார்.

வழக்கு 1996ஆம் ஆண்டு டிசம்பரில் லண்டன் உயர்நீதிமன்றத்தில் விசாரணைக்கு வந்தது. அங்கே பேசப்பட்டது இசை அன்று. 1890ஆம் ஆண்டுக் கூட்டு வணிகச் சட்டம். பலர் சேர்ந்து ஒரு தொழில் நடத்தினால், வேறுவிதமாக உடன்படிக்கை இல்லாதவரையில், ஆதாயம் எல்லாருக்கும் சமமாகவே சேரும் என்பது அச்சட்டத்தின் விதி. பட்டறை வைத்த இருவருக்கும், கடை வைத்த மூவருக்கும் பொருந்தும் அவ்விதி இசைக்குழுவுக்கும் பொருந்துமா? பொருந்தும் என்றார் நீதிபதி. ஜாய்ஸ் கூலிக்கு வந்தவர் அல்லர், பங்காளி. பங்காளி குறைந்த பங்குக்குச் சம்மதித்தார் என்றால், அச்சம்மதத்தை மெய்ப்பிக்கவேண்டியவர்கள் அவ்வாறு சொல்பவர்களே. மாரிசியின் தரப்பு மேல்முறையீடு செய்தது. பத்தில் ஒரு பங்கு என்று காட்டிய கணக்கைப் பெற்றுக்கொண்டும் ஜாய்ஸ் வாய் திறவாமல் இருந்தாரே, அது சம்மதம் ஆகாதா என்று வாதாடினார்கள். மௌனம் சம்மதத்துக்கு அடையாளம் என்பது உலக வழக்கு. ஆனால் அந்த மௌனத்தைச் சம்மதமாகக் கொள்வதற்கில்லை என்று 1998ஆம் ஆண்டு நவம்பரில் மேல்முறையீட்டு மன்றம் சொல்லிவிட்டது. ஜாய்ஸுக்கு நாலில் ஒரு பங்கு உறுதியாயிற்று. பழைய பாக்கியாக ஏறத்தாழ பத்து லட்சம் பவுன் கிடைத்தது.

ரோர்க்? அவர் ஜாய்ஸுக்காகச் சாட்சி சொன்னார். ஜாய்ஸ் வென்ற நியாயம் எதுவோ அதே நியாயம் அவருக்கும் இருந்தது. ஒரே மேடையில், ஒரே தாளத்தில், அருகருகே நின்று வாசித்தவர்கள் அவர்கள். ஆனால் அவர் கையொப்பமிட்டுக் கொடுத்துவிட்டார். நூற்றுக்கு இருபத்தைந்து பெற்றிருக்கக்கூடியவர் பத்தோடு நின்றார். தோழர் வழக்கில் சாட்சிக் கூண்டேறி உண்மை சொல்லும்போது, அந்த உண்மையால் தமக்கு ஒரு காசும் வராது என்பது அவருக்குத் தெரியும். மேல்முறையீட்டுத் தீர்ப்பு வந்த அடுத்த ஆண்டு, 1999இல், அவர் திவால் மனு செய்துகொண்டார்.

வியப்பு என்னவெனில் இவ்வளவுக்கும் இடையே இசை நின்றுவிடவில்லை என்பதே. வழக்குத் தொடுப்பதற்கு மூன்று மாதங்களுக்கு முன்பு, 1988 டிசம்பர் 22ஆம் நாள், வுல்வர்ஹாம்ப்டன் நகரில் மாரிசி தனியே நடத்திய முதல் நிகழ்ச்சியில் ரோர்க்கும் ஜாய்ஸும் அவர் பின்னே நின்று வாசித்தார்கள். அதன்பின் மாரிசியின் பாடல்கள் மூன்றுக்கு ரோர்க் மெட்டமைத்தார். ஸ்மித்ஸ் நாளில் கிடைக்காத ஒன்று, இயற்றியவர் என்ற இடத்தில் தம் பெயர், அவருக்கு அப்போது கிடைத்தது. 1990ஆம் ஆண்டில் வெளிவந்த ஷினேட் ஓகானரின் தொகுப்பிலும், 1994ஆம் ஆண்டு பிரிடெண்டர்ஸ் குழுவின் தொகுப்பிலும் அவருடைய பாஸ் ஒலிக்கிறது. ஒரு வேடிக்கையும் உண்டு. மான்செஸ்டரின் புகழ்பெற்ற பாஸ் கலைஞர்கள் மூவர், நியூ ஆர்டர் குழுவின் பீட்டர் ஹுக், ஸ்டோன் ரோசஸ் குழுவின் மானி, நம் ரோர்க், ஒன்றுகூடி ‘ஃப்ரீபேஸ்’ என்ற குழுவை அமைத்தார்கள். மூன்று கடைக்கால் சேர்ந்தால் வீடு ஆகிவிடுமா? 2010ஆம் ஆண்டிலேயே அது கலைந்தது.

2006ஆம் ஆண்டு ஜனவரி 28ஆம் நாள், புற்றுநோய்ச் சிகிச்சைப் பணிக்கு நிதி திரட்டுவதற்காக மான்செஸ்டரில் ஒரு பெரிய இசைநிகழ்ச்சி நடந்தது. அதை ஏற்பாடு செய்தவர்களுள் ரோர்க் ஒருவர். அந்த மேடைக்கு மார் வந்தார். வழக்கில் எதிரெதிரே நின்ற பள்ளித் தோழர்கள் இருவரும் ஸ்மித்ஸ் பாட்டு ஒன்றைச் சேர்ந்து வாசித்தார்கள். 2009ஆம் ஆண்டில் ரோர்க் நியூயார்க் நகரில் குடியேறினார். அங்கே ஐரிஷ் பாடகி டோலோரஸ் ஓரியார்டனோடு சேர்ந்து ‘டார்க்’ என்ற குழுவில் வாசித்தார்; அதன் தொகுப்பு 2016இல் வெளிவந்தது. 2018ஆம் ஆண்டு ஜனவரியில் அந்தப் பாடகி மறைந்தார்.

யார் நோய்க்காக நிதி திரட்டினாரோ அந்நோயே அவரையும் பற்றியது, கணையத்தில் புற்று. 2022ஆம் ஆண்டு செப்டம்பரில் நியூயார்க்கின் மேடிசன் ஸ்கொயர் கார்டன் அரங்கில் மார் வாசித்தபோது, தம் தோழரை மேடைக்கு அழைத்தார். விதன்ஷா பள்ளியில் இருவரும் சந்தித்து அப்போது நாற்பத்தேழு ஆண்டுகள் ஆகியிருந்தன. வழக்கம்போல மார் கித்தாரையும் ரோர்க் பாஸையும் எடுத்துக்கொண்டார்கள். அதன்பின் இருவரும் சேர்ந்து மேடை ஏறவில்லை. 2023ஆம் ஆண்டு மே 19ஆம் நாள் ரோர்க் நியூயார்க்கில் காலமானார், வயது 59. அச்செய்தியை உலகுக்கு அறிவித்தவர் ஜானி மார்.